நம்மைச் சுற்றியுள்ள பழம்பெரும் ஆலயங்கள்



யூபிலி மலரில் வரலாற்றுக் கட்டுரை ஒன்று வேண்டுமென்றார்கள். நம்முடையதோ இளைய பங்கு. 1931ஆம் ஆண்டு கடற்கரையிலிருந்து தாம்பரம் வரை மின்சார ரயில் ஓடத் தொடங்கியபின், பல மாவட்டங்களிலிருந்தும் பிழைப்புக்காக வந்து குடியேறியவர்களே நம்மில் பெரும்பாலோர். ஆயினும் நாம் வந்து சேர்ந்த மண் விசுவாசத்துக்குப் புதிதன்று.

ரயில் பரங்கிமலையைக் கடக்கையில் நம்மவர் சிலர் சிலுவை அடையாளம் வரைந்துகொள்வதைக் காண்கிறோம். அம்மலையுச்சியில் 1523இல் போர்த்துக்கீசியர் தேவமாதாவின் பெயரால் ஆலயம் எழுப்பினர். 1547இல் அஸ்திவாரம் தோண்டுகையில் கிடைத்த கற்சிலுவையே இன்றும் அங்கு பீடத்தின்மேல் உள்ளது. 1558 டிசம்பர் 18ஆம் நாள் திருப்பலி வேளையில் அது இரத்த வியர்வை சிந்தியதாக மரபு.

அச்சிலுவையைப் புனித தோமையாரே தம் கையால் செதுக்கினார் என்று ஞானோபதேச வகுப்பில் கேட்டு வளர்ந்தோம். பக்தியோடு சொல்லப்பட்டதுதான். எனினும் அதைச் சுற்றியுள்ள எழுத்து பழைய பாரசீகத்தின் பகலவி எழுத்தாகும். 1873இல் பர்னல் என்னும் ஆங்கில அறிஞர் இதுபற்றி எழுதினார். எழுத்தின் வடிவைக் கொண்டு 7 அல்லது 8ஆம் நூற்றாண்டு என்பர் அறிஞர் பலர். கோட்டயம் வலியபள்ளியிலும் இத்தகைய சிலுவைகள் உண்டு. இதைக் கேட்டு மனஞ்சோர வேண்டியதில்லை. வாஸ்கோடகாமா பிறப்பதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே இக்கடற்கரையில் கிறிஸ்தவர் செபித்தனர் என்பதற்கு அக்கல்லே சாட்சி. 13ஆம் நூற்றாண்டின் இறுதியில் வந்த மார்க்கோ போலோவும், தோமையார் கல்லறையைக் கிறிஸ்தவரும் இஸ்லாமியரும் தரிசித்ததை எழுதிவைத்தார். "உங்கள் மதம் வெள்ளைக்காரன் கொண்டுவந்தது" என்று வேலையிடத்தில் ஏளனம் கேட்டுத் தலைகுனியும் நம் இளைஞர் இதை அறிந்திருப்பது நல்லது.

மலைக்குப் படி கட்டியவர் ஆயருமல்லர், அரசருமல்லர். பெத்ருஸ் உஸ்கான் என்னும் அர்மேனிய வணிகர். மலைக்குப் போவோர் அடையாற்றில் இறங்கித் தவிக்காதபடி 1726இல் சைதாப்பேட்டையில் பாலமும் கட்டினார். அப்பாலம் இன்றில்லை, அதைக் குறித்த கல்வெட்டு மட்டும் உள்ளது. ஆற்றைத் தாண்டினால் சின்னமலை. அங்குள்ள பழைய கோயில் 1551ஆம் ஆண்டினது.

தெற்கே கோவளம். அங்கும் பங்கின் முதுகெலும்பு ஒரு வணிகர்தாம். போர்த்துக்கீசிய வழிவந்த ஜான் டி மான்ட்டி, 1808இல் கார்மேல் அன்னைக்கு ஆலயம் கட்டினார். பெருஞ்சொத்தைத் திருச்சபைக்கே விட்டுச்சென்றார். 1821இல் இறந்த அவரை அவ்வாலயத்திலேயே அடக்கம் செய்தனர். அவ்வூரில் முன்பு கோட்டை ஒன்றும் இருந்தது. 1752இல் கிளைவ் பிடித்தபின் அது தகர்க்கப்பட்டது. மீனவ மக்களின் கோயிலோ இருநூறு ஆண்டு தாண்டியும் நிற்கிறது. உப்புக்காற்றில் சுவரைக் காப்பது எளிதன்று என்பதை அங்கு பணியாற்றும் குருக்களைக் கேட்டால் தெரியும்.

2002இல் செங்கல்பட்டு மறைமாவட்டம் உருவானபோது, பரங்கிமலையும் கோவளமும் நம்மோடு ஒரே மறைமாவட்டத்தில் சேர்ந்தன. எனவே இந்த யூபிலி ஆண்டில் ஜூலை 16ஆம் நாள் கோவளத்துக்கும், டிசம்பர் 18ஆம் நாள் பரங்கிமலைக்கும் பங்காகச் சென்றுவர எண்ணியுள்ளோம். முதியோர் மலைமீது வாகனத்தில் வரலாம். மற்றவர்கள் உஸ்கானின் படிகளில் செபமாலையோடு ஏறுவோம்.