பாடக்கெட்டின் 33 இன்னிங்ஸ்

அமெரிக்காவின் ரோட் ஐலண்ட் மாநிலத்தில் பாடக்கெட் ஒரு பழைய நூற்பாலை ஊர். பெரிய லீக் அணியான பாஸ்டன் ரெட் சாக்ஸுக்கு வீரர்களைத் தயார்செய்து அனுப்பும் பேஸ்பால் அணி ஒன்று அங்கே இருந்தது. 1977இல் திவாலாகிக் கிடந்த அதை பென் மாண்டர் வாங்கினார். கியூபெக்கில் பிறந்து ஜவுளி ஆலைகளில் பணம் சேர்த்தவர். டிக்கெட்டை மலிவாக வைத்து, குடும்பங்களை மைதானத்துக்குத் திரும்ப வரவழைத்தார். என்னைக் கேட்டால், எந்த வீரரையும்விட அவர்தான் அந்த அணியின் நாயகன்.

உலகம் நினைவில் வைத்திருப்பதோ 1981 ஏப்ரல் 18ஐ. எதிரணி ராச்செஸ்டர் ரெட் விங்ஸ். வழக்கமான ஒன்பது இன்னிங்ஸ் முடிந்தும் சமன். வெற்றி தோல்வி தெரியும்வரை ஆடியாக வேண்டும். இரவில் ஆட்டத்தை நிறுத்தும் விதி நடுவர்களின் கையேட்டில் விடுபட்டிருந்தது! உடைந்த மட்டைகளை எரித்துக் குளிர்காய்ந்தபடி ஆடினார்கள். 32 இன்னிங்ஸ் முடிந்தும் 2-2. ஈஸ்டர் ஞாயிறு விடிகாலை 4:07க்கு நிறுத்தியபோது மிஞ்சிய ரசிகர்கள் 19 பேர்.

ஜூன் 23 அன்று மீதி ஆட்டம் 18 நிமிடத்தில் முடிந்தது. டேவ் கோசா அடித்தார், மார்ட்டி பாரெட் ஓடிவந்தார், பாடக்கெட்டுக்கு வெற்றி. அன்று எதிரெதிரே ஆடிய வேட் பாக்ஸும் கேல் ரிப்கெனும் பின்னாளில் பெரும் நட்சத்திரங்கள் ஆனார்கள். கோசாவுக்கோ பெரிய லீகில் ஓர் ஆட்டம்கூட வாய்க்கவில்லை. அது இன்றும் என் மனதை அறுக்கிறது.

2020 பருவத்தைப் பெருந்தொற்று விழுங்கியது. விடைபெறும் ஆட்டம்கூட இல்லாமல், மறு ஆண்டு அணி வூஸ்டருக்குப் போனது. அந்த ஆட்டம் நடந்த, 1942இல் திறந்த மக்காய் மைதானத்தை 2025இல் இடித்தார்கள்.