ரூஹ் அஃப்சா: ஒரு சர்பத்தின் கதை

சிரப் என்றதும் நமக்கு இருமல் மருந்து ஞாபகம் வரும். சர்பத் என்றால் வெயிலுக்குக் குடிக்கிற சமாச்சாரம். ஆனால் இரண்டு சொல்லும் ஒரே அரபு வேரிலிருந்து வந்தவை, பொருள், குடிப்பது. அந்தக் கால அரபு, பாரசீக வைத்தியர்கள் பூ, வேர், இலைகளை ஊறவைத்துக் காய்ச்சி, வடிகட்டி, சர்க்கரைப் பாகில் கலந்து வைத்தார்கள். கசப்பு தெரியாமல் இருக்க மட்டுமல்ல, கெடாமல் இருக்கவும்தான். கெட்டிப் பாகு கிருமிகளிடம் இருக்கும் தண்ணீரையே இழுத்துவிடும். (வீட்டில் புதினா, நன்னாரி சிரப் போடுபவர்கள் கவனிக்க: சர்க்கரையும் தண்ணீரும் சமமாகப் போட்டால் ஃப்ரிட்ஜில் வைத்தும் சில வாரம்தான். மருந்துக்கடைப் பாகில் எடைக்கணக்கில் இரண்டு பங்கு சர்க்கரை, ஒரு பங்கு தண்ணீர்.)

இந்த யுனானி மரபில் வந்தவர் ஹக்கீம் ஹஃபீஸ் அப்துல் மஜீத். 1906-ல் பழைய டில்லியில் ஹம்தர்த் என்ற மருந்துக்கடையைத் தொடங்கினார். ஊர் வெயிலுக்கு உடம்பைக் குளிரவைக்க ரோஜா, தாழம்பூ, வெட்டிவேர், கொத்தமல்லி, பழச்சாறுகள் எல்லாம் சேர்த்து அவர் போட்ட சிவப்புப் பாகுதான் ரூஹ் அஃப்சா. மருந்தாகப் பிறந்தது, விருந்தாளிக்குக் கொடுக்கும் பானமாகிவிட்டது. நோன்பு திறக்கும்போது பாலில் கலந்து குடிப்பவர்களைக் கேட்டால் அருமை சொல்வார்கள் :-)

1922-ல் மஜீத் இறந்தார். மனைவி ராபியா பேகமும் பிறகு மகன்களும் தொழிலை நடத்தினார்கள். அப்புறம் 1947. மூத்தவர் அப்துல் ஹமீத் டில்லியிலேயே இருந்துவிட்டார். தம்பி முகமது சயீத் கராச்சிக்குப் போய், 1948-ல் அங்கே இன்னொரு ஹம்தர்த்தை ஆரம்பித்தார். கிழக்குப் பாகிஸ்தானிலும் ஒரு கிளை இருந்தது. 1971-ல் அது வங்கதேச ஹம்தர்த் ஆனது. ஒரே வீட்டுப் பாகு, மூன்று நாட்டுப் பாட்டில்! பின்னாளில் சிந்து மாகாண ஆளுநராகவும் இருந்த சயீத், 1998 அக்டோபரில் கராச்சியில் சுட்டுக் கொல்லப்பட்டார். நோயாளிகளைப் பார்க்கத் தன் வைத்தியசாலைக்கு வந்த காலை நேரம் அது.

2019 ரம்ஜானில் இந்தியக் கடைகளில் ரூஹ் அஃப்சா கிடைக்காமல் போனது. இந்திய அரசு அனுமதித்தால் வாகா எல்லை வழியாக லாரிகளில் அனுப்புகிறோம் என்று பாகிஸ்தான் ஹம்தர்த்திலிருந்து சேதி வந்தது.