கெலம் மக்ரே: காட்சிகளைச் சாட்சியமாக்கிய இயக்குநர்

கெலம் மக்ரேயின் பெயர் எம்மவர்களுக்குப் புதிதல்ல. ஸ்கொட்லாந்தைச் சேர்ந்த இந்த ஆவணப்பட இயக்குநர், எமது யுத்தத்தைத் தொடுவதற்கு முன்னரே ஈராக் யுத்தம் குறித்துப் பிரித்தானியத் தொலைக்காட்சிகளுக்குப் படங்கள் தயாரித்தவர்.

2011 ஜூன் 14 அன்று சனல் 4 ஒளிபரப்பிய 'இலங்கையின் கொலைக்களங்கள்' அவர் இயக்கியது. ஜோன் ஸ்னோ தொகுத்து வழங்கினார். 2012 மார்ச்சில் அதன் தொடர்ச்சி வந்தது. 2013இல் முழுநீள ஆவணப்படமான 'நோ ஃபயர் சோன்' ஜெனீவாவில் திரையிடப்பட்டது.

இந்தப் படங்களின் உயிரான காட்சிகளை மக்ரே எடுக்கவில்லை. யுத்த சூனிய வலயம் என்று அறிவிக்கப்பட்ட இடங்களுக்குள் சுயாதீன ஊடகவியலாளர்கள் அனுமதிக்கப்படவில்லை. ஷெல்லடிக்குள் நின்ற எமது மக்கள் பதிவு செய்தவையும், படையினர் தமது கையடக்கத் தொலைபேசிகளில் எடுத்தவையுமே அவருக்குக் கிடைத்தன. அவற்றைச் சரிபார்த்து, சாட்சிகளின் வாக்குமூலங்களோடு பொருத்திக் காட்டியதுதான் அவருடைய பணி. சிறுவன் பாலச்சந்திரன் உயிரோடு அமர்ந்திருக்கும் படமும் இறந்து கிடக்கும் படமும் ஒரே கமராவில், சில மணிநேர இடைவெளியில் எடுக்கப்பட்டவை என்பதை அவர் வெளிக்கொணர்ந்தது அப்படித்தான். அரசாங்கம் மறுத்தது. ஆனாலும் அந்தப் படங்களை உலகம் மறக்கவில்லை.

2013 நவம்பரில், பொதுநலவாய மாநாட்டுக்காக வந்த மக்ரே குழுவினர் வடக்கே ரயிலில் புறப்பட்டனர். அநுராதபுரத்தில் ஆர்ப்பாட்டக்காரர்கள் ரயிலை மறிக்க, அவர்கள் கொழும்புக்குத் திருப்பி அனுப்பப்பட்டனர். மலேசியாவில் இப்படத்தைத் திரையிட்டமைக்காக லீனா ஹென்ட்ரி என்ற செயற்பாட்டாளருக்கு 2017இல் 10,000 ரிங்கிட் தண்டம் விதிக்கப்பட்டது.

அவரை இலங்கையின் எதிரி என்போருக்கு, 2018இல் வெளிவந்த அவரது பலிமர்ஃபி பற்றிய படமே பதில். 1971 ஓகஸ்டில் பெல்ஃபாஸ்டின் பலிமர்ஃபியில் பொதுமக்கள் சுட்டுக் கொல்லப்பட்டபோது அங்கு நின்றது அவருடைய சொந்த நாட்டு இராணுவம். 2021 மே மாதம் மரண விசாரணை நீதிபதி, கொல்லப்பட்ட பத்துப் பேரும் முற்றிலும் குற்றமற்றவர்கள் என்று தீர்ப்பளித்தார். அதற்கு ஏறத்தாழ 50 ஆண்டுகள் சென்றன. அவ்வளவு காலமும் விடாமல் நின்றவர்கள் குடும்பங்களே. படம் அவர்களுக்குத் துணை நின்றது.

ஒரு ஆவணப்படம் எமக்கு நீதியைப் பெற்றுத்தரும் என்று நான் நம்பவில்லை. ஆனால் சரிபார்க்கப்பட்ட பதிவு இல்லாமல் எந்த விசாரணையும் நகராது. உங்கள் வீடுகளில் அந்த நாட்களின் படங்களோ காணொளிகளோ இருந்தால், மூலப் பிரதியை வெட்டாமல், திருத்தாமல் பாதுகாப்பாக வையுங்கள். திகதி, இடம், படத்தில் இருப்பவர்கள் என்பவற்றை, நினைவுள்ளவர்கள் இருக்கும்போதே தனியாக எழுதி வையுங்கள்.