கே2: ஒரு மாணவனுக்கு நான் பாக்கி வைத்த பதில்



போன வாரம் திருவான்மியூர் வீட்டில் பேரன் அட்லஸைப் புரட்டிக்கொண்டே கேட்டான்: "பாட்டி, கே2-ன்னு ஒரு மலை இருக்கே, 29சி பஸ் மாதிரி! அதுக்குப் பேரே இல்லையா?"

எனக்குச் சுருக்கென்றது. பல வருடங்களுக்கு முன் ஏழாம் வகுப்பில் ஒரு பையன் இதே கேள்வியைக் கேட்டான். "அதெல்லாம் பரீட்சைக்கு வராது, உட்காரு" என்றேன். உண்மையில் எனக்குப் பதில் தெரியாது. ஓய்வு பெற்ற பிறகுதான் படித்துத் தெரிந்துகொண்டேன்.

கதை நம் பக்கத்திலேயே தொடங்குகிறது. 1802 ஏப்ரல் 10 அன்று வில்லியம் லாம்டன் பரங்கிமலைக்கும் பெரும்பாக்கம் குன்றுக்கும் இடையே நிலத்தை அளக்கத் தொடங்கினார். 100 அடி எஃகுச் சங்கிலியை வைத்து, சித்திரை வெயிலில், சுமார் 12 கிலோமீட்டர் அளந்தார்கள். முக்கோணத்தில் ஒரு பக்கமும் இரண்டு கோணங்களும் தெரிந்தால் மற்ற பக்கங்களைக் கணக்குப் போட்டுவிடலாம், வகுப்பில் படித்தது நினைவிருக்கிறதா? அப்படி முக்கோணத்தோடு முக்கோணமாகக் கோர்த்துக்கொண்டே போன அளவைப் பணி, லாம்டன் 1823-ல் இறந்த பிறகும் நிற்காமல் இமயம் வரை போனது.

1856-ல் தாமஸ் மாண்ட்கோமரி காஷ்மீரின் ஹரமுக் மலையில் ஏறி, 200 கிலோமீட்டருக்கும் அப்பால் கரகோரத்தில் தெரிந்த இரண்டு சிகரங்களைக் குறித்தார். கரகோரத்தின் முதலெழுத்தை வைத்து கே1, கே2 என்று எழுதினார். உள்ளூர்ப் பெயர் இருந்தால் அதையே வைப்பது அளவைத் துறையின் வழக்கம். கே1-க்கு மஷர்புரும் என்று பெயர் இருந்தது, அந்த எண் போய்விட்டது. கே2-க்கு அப்படி ஊரறிந்த பெயர் கிடைக்கவில்லை. காரணம், கடைசிக் கிராமமான அஸ்கோலேயிலிருந்துகூட அது கண்ணில் படாது. 60 கிலோமீட்டருக்கும் மேல் நீளமான பல்தோரோ பனியாற்றின் மேல் பல நாள் நடந்து, கான்கார்டியா என்ற இடத்துக்குப் போனால்தான் முழு மலையும் தெரியும். பார்த்துப் பெயர் வைக்க அங்கே குடியிருந்தவர் யாருமில்லை. அதனால் எண்ணே பெயராக நின்றுவிட்டது.

இன்னும் இரண்டு திருத்தங்கள் சொல்ல வேண்டும். கே2 இமயமலையில் இருப்பதாக உங்களில் பலருக்குச் சொல்லியிருக்கிறேன். அது கரகோரம், தனி மலைத்தொடர். நம் தேசப்படத்தில் இந்தியாவுக்குள் இருக்கிறது. நடைமுறையில் தென்பக்கம் பாகிஸ்தான் வசமும் வடபக்கம் சீனா வசமும் உள்ளன.

இரண்டாவது, பனிக்குக் காரணம் பருவமழை என்று பொதுவாகச் சொல்லிவிட்டேன். இமயம் குறுக்கே நிற்பதால் தென்மேற்குப் பருவக்காற்று அங்கே போய்ச் சேரும்போது வலுவிழந்துவிடுகிறது. பனியின் பெரும்பகுதி குளிர்காலத்திலும் வசந்தத்திலும் மத்தியதரைக் கடல் பக்கமிருந்து வரும் மேற்கத்திய இடையூறுகளால் பெய்கிறது. பள்ளத்தாக்கு வறண்ட பாலை, உச்சியோ பனிக்களஞ்சியம். உருகும் நீர் தென்பக்கம் சிந்து நதிக்கும், வடபக்கம் யார்க்கண்ட் ஆற்றுக்கும் போகிறது.

குளிர் எவ்வளவு? 165 மீட்டருக்கு 1 டிகிரி குறையும் என்ற நம் பழைய கணக்கைப் போடுங்கள். திருவான்மியூர் கடற்கரையில் 30 டிகிரி என்றால், 8,611 மீட்டரில் மைனஸ் 22. கே2 இன்னும் வடக்கே இருப்பதால் குளிர்காலத்தில் இதைவிடக் கொடுமை, புயல்காற்று வேறு. 1954-ல் இத்தாலியக் குழு ஏறிய அந்தச் சிகரத்தில், குளிர்காலத்தில் மனிதக் கால் பட்டது 2021 ஜனவரி 16 அன்றுதான். ஏறிய பத்துப் பேரும் நேபாளிகள்.

உலகின் பல இடங்களில் பனியாறுகள் சுருங்கியபோது கரகோரத்தில் பல பனியாறுகள் ஏறக்குறைய அப்படியே இருந்தன. அந்த நிலையும் இப்போது மாறி வருவதாக ஆய்வுகள் சொல்கின்றன.

அன்று கேள்வி கேட்ட தம்பி இதைப் படித்தால், இந்த டீச்சரை மன்னித்துவிடு. நீ கேட்டது நல்ல கேள்வி. மற்றவர்கள் ஒரு ஞாயிற்றுக்கிழமை பிள்ளைகளைப் பரங்கிமலைக்கு அழைத்துப் போங்கள். மேலே லாம்டனின் மார்பளவுச் சிலை இருக்கிறது. அங்கே நின்று பெரும்பாக்கம் எந்தப் பக்கம் என்று அவர்களையே கண்டுபிடிக்கச் சொல்லுங்கள்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்