கடைசி இடத்தில் முடித்த முன்னோடி: மானுவல் ஆரோன்

போன மாதம் திருவில்லிபுத்தூரில் ஒரு வேலையை முடித்துவிட்டு ராஜபாளையம் திரும்பும்போது, பஸ்ஸில் பக்கத்து சீட்டில் ஒரு பையன். ஏழாவதோ எட்டாவதோ படிக்கிற வயசு. மடியில் சுருட்டின ரெக்சின் செஸ் போர்டு, காய்கள் போட்ட துணிப்பை. ஏதோ பள்ளிக்கூடப் போட்டிக்குப் போய்விட்டு வருகிறானாம். "எத்தனாவது வந்த?" என்று கேட்டேன். "கடைசிக்கு முந்தி" என்று சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

ஆறுதலாக ஏதாவது சொல்லலாமே என்று, "மானுவல் ஆரோன் தெரியுமாப்பா?" என்றேன்.

"கிராண்ட்மாஸ்டரா சார்?"

"இல்லப்பா..."

அவ்வளவுதான், அவனுக்கு ஆர்வம் போய்விட்டது. ஊர் வந்ததும் இறங்கிப் போய்விட்டான். அவனிடம் சொல்ல நினைத்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

மானுவல் ஆரோன் பிறந்தது 1935 டிசம்பர் 30, பர்மாவில் உள்ள டவுங்கூ என்ற ஊரில். வளர்ந்ததும் பள்ளிப் படிப்பும் தமிழ்நாட்டில். பட்டம் வாங்கியது அலகாபாத் பல்கலைக்கழகத்தில். அவர் பிறந்த அதே டிசம்பரில்தான் ஹாலந்தின் மாக்ஸ் யூவே, அலெக்கைனை வீழ்த்தி உலக சாம்பியன் ஆனார். இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வரும்.

அன்றைக்கு நம் ஊர்களில் ஆடிய சதுரங்கமே வேறு. சிப்பாய் முதல் நகர்விலும் ஒரு கட்டம்தான் போகும். இன்றைய 'காஸ்லிங்' கிடையாது. அதற்குப் பதில், செக் வாங்காத ராஜா ஆட்டத்தில் ஒரே ஒரு தடவை குதிரை மாதிரி தாவலாம். சிப்பாய் கடைசிக் கட்டத்தை அடைந்தால் என்னவாக மாறும் என்பதற்கும் ஊருக்கு ஊர் ஒரு சட்டம். திண்ணையில் இந்த ஆட்டத்தில் புலியாக இருந்தவர், சர்வதேச விதிகளோடு ஆடச் சொன்னால் பத்தாவது நகர்வுக்குள் திணறிப்போவார். காரணம், 'ஓப்பனிங்' என்று நூறு வருஷமாக ஐரோப்பாவில் எழுதி வைத்ததெல்லாம் சிப்பாய் இரண்டு கட்டம் போகும் ஆட்டத்துக்கானது. சர்வதேச விதிகளில் ஆடுங்கள், புத்தகம் பார்த்துப் படியுங்கள் என்று இங்கே விடாமல் சொல்லி, குழுக்களைச் சேர்த்தவர்களில் முக்கியமானவர் ஆரோன்.

1959-இல் முதல் தடவை தேசிய சாம்பியன். 1981 வரை மொத்தம் ஒன்பது தடவை. 1960-இல் கிழக்கு ஜெர்மனியின் லைப்சிக் நகரில் ஒலிம்பியாட். அங்கே எதிரே உட்கார்ந்தவர், மேலே சொன்ன மாக்ஸ் யூவே. ஜெயித்தவர் ஆரோன்.

1961-இல் ஆசிய மண்டலப் போட்டிகள். மங்கோலியாவின் சுகென் மோமோவை 3-1 என்று வென்றார். அடுத்து ஆஸ்திரேலியாவின் செசில் பர்டி. தபால் வழி செஸ்ஸில் உலகின் முதல் சாம்பியன் அவர். அவரை 3-0. இதோடு ஆரோன் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆனார். செஸ்ஸுக்காக அர்ஜுனா விருது வாங்கிய முதல் ஆளும் அவர்தான்.

அந்த வெற்றி அவரை ஸ்டாக்ஹோமுக்குக் கொண்டுபோனது. உலக சாம்பியனோடு மோதப்போகிறவரைத் தேர்ந்தெடுக்கும் படிகளில் ஒன்றான 'இன்டர்சோனல்' போட்டி. 1962 ஜனவரி கடைசியிலிருந்து மார்ச் முதல் வாரம் வரை, 23 பேர், ஆளுக்கு 22 ஆட்டங்கள். பாபி ஃபிஷர், பெட்ரோசியன், கெல்லர், கோர்ச்னாய் எல்லோரும் இருந்தார்கள். முதலிடம் ஃபிஷருக்கு. 23-ஆவது இடம் ஆரோனுக்கு.

கடைசி இடம்தான், மறைக்க ஒன்றுமில்லை. ஆனால் அவர் ஜெயித்த ஆட்டங்களைப் பாருங்கள். ஹங்கேரியின் லாயோஸ் போர்ட்டிஷ், கிழக்கு ஜெர்மனியின் வுல்ஃப்காங் ஊல்மான் இரண்டு பேரையும் தோற்கடித்தார். இருவருமே கிராண்ட்மாஸ்டர்கள். கடைசிக் கணக்கில் இருவருக்கும் தலா 12½ புள்ளி. அடுத்த கட்டத்துக்கான ஆறாவது இடத்துக்கு ப்ளே-ஆஃப் ஆடியவர்களுக்கு 13½. ஆரோனிடம் விட்ட அந்த ஒரு புள்ளி கையில் இருந்திருந்தால், அவர்களும் ப்ளே-ஆஃபில் உட்கார்ந்திருப்பார்கள்!

சரி, இவ்வளவு பேரை வென்றவர் ஏன் கிராண்ட்மாஸ்டர் ஆகவில்லை? திறமை குறைவு என்று ஒரு வரியில் முடித்துவிடலாம். அது முழு பதில் இல்லை.

அதே ஸ்டாக்ஹோமில் குரோஷியாவின் ஸாக்ரெப் நகரத்துக்காரர் மரியோ பெர்டோக்கும் ஆடினார், 17-ஆவதாக வந்தார். அவருடைய சூழலை யோசித்துப் பாருங்கள். அன்றைய யுகோஸ்லாவியா, லைப்சிக்கில் வெண்கலம் வாங்கிய நாடு. 1959-இல் உலக சாம்பியனோடு மோதுபவரை முடிவுசெய்த போட்டி பிளெட், ஸாக்ரெப், பெல்கிரேடு நகரங்களில்தான் நடந்தது. தால், ஃபிஷர், கெரெஸ் எல்லாம் அவர் ஊருக்கே வந்து ஆடினார்கள். ஸாக்ரெப் பையன் ஒருத்தன் வீட்டிலிருந்து நடந்துபோய் அதைப் பார்த்திருக்கலாம். இங்கே? கிராண்ட்மாஸ்டர் பட்டம் வேண்டுமென்றால் கிராண்ட்மாஸ்டர்களோடு ஆட வேண்டும். இந்தியாவில் ஒருத்தர்கூட இல்லை. வெளியே போக வேண்டும் என்றால் காசு, லீவு, அந்நியச் செலாவணி என்று வரிசையாகத் தடைகள். ஆண்டுக்கணக்கில் காத்திருந்து ஒரு பெரிய போட்டிக்குப் போகிறவர், அங்கே வருஷம் முழுக்க ஆடிக்கொண்டே இருப்பவர்களோடு மோத வேண்டும்.

இந்தியாவின் இரண்டாவது இன்டர்நேஷனல் மாஸ்டர், தமிழ்நாட்டின் வி. ரவிக்குமார், வந்தது 1978-இல். நடுவில் 17 வருஷம் ஆரோன் ஒருத்தர்தான்!

அந்தத் தனிமையை அவர் எப்படிக் கையாண்டார் என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. 1972-இல் சென்னை சோவியத் கலாசார மையத்தில் மிகைல் தால் பெயரில் ஒரு செஸ் கிளப் ஆரம்பித்தது. அதன் பின்னால் இருந்தவர் ஆரோன். சோவியத் புத்தகங்கள், பத்திரிகைகள், மணிக்கணக்கில் ஆட ஆள் எல்லாம் அங்கே கிடைத்தது. பின்னால் மயிலாடுதுறையில் பிறந்த ஒரு பையன் அங்கே வந்து ஆட ஆரம்பித்தான். பெயர் விஸ்வநாதன் ஆனந்த்.

ஆனந்த் 1988-இல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனார். அதற்கான கடைசித் தகுதியைப் பெற்றது ஐரோப்பாவில் இல்லை, நம்ம கோயம்புத்தூரில் நடந்த சர்வதேசப் போட்டியில். ஆரோன் ஆடிய காலத்தில் அப்படி ஒரு வாய்ப்பு இங்கே இல்லை.

எங்கள் பக்கத்துக்கே வருவோம். மதுரையைச் சேர்ந்த அரவிந்த் சிதம்பரம், 2013-இல் 14 வயசில், சென்னையில் நடந்த சர்வதேச கிராண்ட்மாஸ்டர் போட்டியில் முதலிடம் வந்தார். 2015-இல் கிராண்ட்மாஸ்டர். 2018, 2019 இரண்டு வருஷமும் தேசிய சாம்பியன். 2025-இல் பிராக் மாஸ்டர்ஸ் போட்டியில் முதலிடம். ராஜபாளையத்திலிருந்து மதுரை இரண்டு மணி நேரப் பயணம். ஸாக்ரெப் பையனுக்கு அன்று இருந்த வசதி, கொஞ்சமாவது இன்று நம் பையன்களுக்கு வந்திருக்கிறது. அந்த வரிசையில் முதலில் நின்றவர் கிராண்ட்மாஸ்டர் ஆகவே இல்லை.

பஸ்ஸில் பார்த்த பையனை மறுபடி பார்த்தால் இதெல்லாம் சொல்லணும். ஒரு கேள்வியும் பாக்கி இருக்கிறது. எத்தனாவது வந்தான் என்று கேட்டேனே தவிர, அன்றைக்கு யாரையெல்லாம் ஜெயித்தான் என்று நான் கேட்கவே இல்லை.