மானுக்கா: புதரும் தேனும் பெயரும்

மானுக்கா என்ற சொல் இன்று உலகச் சந்தையில் தேனுக்கு முன்னால் வரும் அடைமொழியாகவே வழங்குகிறது. ஆயினும் அச்சொல்லுக்குரிய புதரின் நெடுங்கால வரலாற்றில் தேன் மிகப் பிந்தி வந்தது என்பதும், அத்தேன் தனிச்சிறப்புடைய மருந்தாக ஆய்வகத்தில் மதிக்கப்பட்டது 1980-களில்தான் என்பதும் விளம்பரங்களில் எளிதில் கண்ணில் படுவதில்லை. ஒரே செடி மருந்துச்சரக்காகவும், தேயிலைக்கு மாற்றாகவும், மேய்ச்சல் நிலத்தைப் பிடிக்கும் களையாகவும், விலையுயர்ந்த ஏற்றுமதிப் பொருளின் மூலமாகவும் அடுத்தடுத்து மதிக்கப்பட்ட முறையை ஆராயும்போது, ஒவ்வொரு கட்டத்திலும் அதை யார், எதைக்கொண்டு அளந்தார்கள் என்ற கேள்வியே முதன்மை பெறுகிறது.

நாவல், கொய்யா, கிராம்பு, யூகலிப்டஸ் ஆகியவை அடங்கிய மிர்ட்டேசியே குடும்பத்தைச் சேர்ந்த இச்செடியின் தாவரவியல் பெயர் லெப்டோஸ்பெர்மம் ஸ்கோப்பேரியம். கேப்டன் ஜேம்ஸ் குக்கின் இரண்டாம் கடற்பயணத்தில் உடன்சென்ற யோகான் ரெய்ன்ஹோல்ட் ஃபோர்ஸ்டரும் அவர் மகன் கியோர்க் ஃபோர்ஸ்டரும் 1776-இல் வெளியிட்ட நூலின் வழியாக இப்பெயர் நிலைபெற்றது. அதன் முற்பகுதி மெல்லிய விதையையும் பிற்பகுதி துடைப்பம் போன்ற தோற்றத்தையும் குறிக்கும். நியூசிலாந்து முழுவதிலும் கடலோரம், சதுப்பு, வறண்ட மலைச்சரிவு என்று எவ்வகை நிலத்திலும் வளரும் இப்புதரின் பூக்கள் ஐந்து இதழ்கள் கொண்டவை, பெரும்பாலும் வெண்ணிறமானவை. கட்டை போல் இறுகிய விதைப்பைகள் பூக்காலம் கடந்த பின்னரும் கிளையை விட்டு உதிராமல் நெடுநாள் ஒட்டிக்கொண்டிருக்கும்.

இதனோடு பெரும்பாலும் கலந்தே வளரும் மற்றொரு செடி கானுக்கா. 1983 வரை இதுவும் லெப்டோஸ்பெர்மம் இனத்திலேயே வைக்கப்பட்டிருந்தது. பின்னர் குன்சியா என்ற இனத்துக்கு மாற்றப்பட்டு, 2014-இல் பத்துச் சிற்றினங்களாகப் பிரிக்கப்பட்டது. இரண்டையும் பிரித்தறிய ஊர்க்காரர்கள் கையாளும் முறை எளியது: கிளையைக் கையால் இறுகப் பற்றினால் மானுக்காவின் இலை நுனி உள்ளங்கையில் குத்தும், கானுக்காவின் இலை மென்மையாக மடங்கும். கைக்கு இவ்வளவு எளிதாகப் புலப்படும் வேறுபாடு நுண்ணோக்கிக்குப் புலப்படுவதில்லை; இரண்டின் மகரந்தத் துகள்களும் ஒன்றுபோலவே தோன்றும். பிற்காலத்தில் தேன் வணிகத்தில் எழுந்த சிக்கல்களுக்கு இவ்வொற்றுமை ஒரு முக்கியக் காரணமாயிற்று.

பதின்மூன்றாம் நூற்றாண்டளவில் பாலினீசியாவிலிருந்து வந்து குடியேறிய மாவோரி மக்கள் இச்செடியின் எப்பகுதியையும் வீணாக்கவில்லை. கஹிக்காட்டோவா என்ற பெயராலும் அவர்கள் அழைத்த இப்புதரின் கடினமான மரம் துடுப்பாகவும், ஈட்டியாகவும், நிலத்தைக் கிளறும் கோலாகவும் பயன்பட்டது; பட்டை கூரை வேயவும் நீர் புகாமல் தடுக்கவும் உதவியது. இலையைக் கொதிக்கவைத்து அந்த ஆவியை உடலில் படச்செய்தும், இலைக் கசாயத்தைக் காய்ச்சலுக்கும் சிறுநீர்க் கோளாறுகளுக்கும் பருகியும், விதைப்பைகளை வயிற்றுப்போக்குக்கு மென்றும் வந்தனர். கிளைகளில் கசிந்து உறையும் வெண்ணிறமான இனிப்புப் பிசின் 'பியா மானுக்கா' எனப்பட்டது. அது தீப்புண்ணுக்குத் தடவவும் இருமலுக்குச் சுவைக்கவும் பயன்பட்டது. இம்மருத்துவப் பட்டியலில் தேன் இல்லை. நியூசிலாந்தின் இயல்பான தேனீக்கள் தனித்து வாழ்பவை, அடை கட்டித் தேன் சேர்த்து வைக்காதவை. ஆகவே மானுக்காத் தேன் பல நூற்றாண்டுக் கால மாவோரி மருந்து என்று விற்பனைச் சீட்டுகளில் எழுதப்படுவது செடிக்குரிய பழமையைத் தேனுக்கு ஏற்றிச் சொல்வதேயாகும்.

ஐரோப்பியர் இச்செடியை முதலில் குடித்தே அறிந்தனர். 1773-இல் தென் தீவின் தென்மேற்கு மூலையிலுள்ள டஸ்கி சவுண்ட் என்னும் கடல்நுழைவில் கப்பலை நிறுத்தியிருந்த குக், நெடும்பயணத்தில் மாலுமிகளை வாட்டிய ஸ்கர்வி நோய்க்குத் தடுப்பாக ரிமு என்ற மரத்தின் இளங்கிளைகளையும் மானுக்கா இலைகளையும் வெல்லப்பாகோடு சேர்த்துக் காய்ச்சிப் பீர் வடித்தார். ரிமுவை மட்டும் காய்ச்சினால் துவர்ப்பு மிகுந்ததால் அதைத் தணிக்கவே மானுக்கா சேர்க்கப்பட்டது. இலையைத் தேநீராகவும் மாலுமிகள் குடித்தனர். பச்சை இலையில் இருந்த இன்சுவையும் மணமும் உலர்ந்ததும் குறைந்ததையும், மிகக் கடுமையாக வடித்தால் சிலருக்கு வாந்தி வந்ததையும் குக் குறித்திருக்கிறார். அவர் 'தேயிலைச் செடி' என்று வழங்கிய பெயர் பின்னர் 'டீ மரம்' ஆகி, எழுத்துப் பிழையால் மாவோரி மொழியில் 'டீ' எனப்படும் கார்டிலைன் மரத்தோடும் குழம்பியது. இன்று மருந்துக்கடைகளில் டீ ட்ரீ எண்ணெய் என்று விற்கப்படுவதோ இவ்விரண்டிலிருந்தும் எடுக்கப்படுவதன்று. அது மெலலூக்கா என்ற ஆஸ்திரேலிய மரத்தின் எண்ணெய்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரித்தானியக் குடியேறிகள் காட்டை எரித்துப் புல் விதைத்து ஆடு மேய்க்கத் தொடங்கியபோது மானுக்காவின் மதிப்பு தலைகீழாயிற்று. வெறுமையான நிலத்தில் முதலில் முளைத்து, தன் நிழலில் பெருமரக் கன்றுகளை வளர்த்தெடுத்து, பின் அவற்றுக்கு இடம்விட்டு மறையும் முன்னோடிச் செடி இது; காடு மீள்வதற்கு உதவும் இப்பண்பே மேய்ச்சல்காரருக்குப் பகையாயிற்று. வெட்டியும் எரித்தும் தீராத இப்புதருக்கு 1930-களின் இறுதியில் தென் தீவின் கேன்டர்பரிப் பகுதியில் ஒரு நோய் வந்தது. ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த எரியோகாக்கஸ் ஒராரியென்சிஸ் என்னும் செதில் பூச்சி சாற்றை உறிஞ்ச, அது கழித்த இனிப்புக் கசிவின்மீது கரும்பூசணம் படர, புதர்க்காடுகள் கருகி நின்றன. விவசாயிகள் இதைத் தடுக்க முனையவில்லை. பூச்சி பிடித்த கிளைகளை வேண்டுமென்றே எடுத்துச்சென்று தம் நிலத்துப் புதர்களில் கட்டினர். சில ஆண்டுகளில் அப்பூச்சியையே கொல்லும் மிரியாஞ்சியம் த்வைட்டேசியை என்ற பூஞ்சை பரவ, மானுக்கா மீண்டது. இச்செடி பிழைத்தது மனிதர் கருணையால் அன்று என்பதை இங்கே குறித்துக்கொள்வது தகும்.

தேனின் வரலாறு 1839 மார்ச்சில் தொடங்குகிறது. மெதடிஸ்ட் சமயப் பணியாளரான தன் அண்ணனோடு இங்கிலாந்திலிருந்து கப்பலேறிய மேரி பம்பி, வைக்கோலால் முடைந்த இரு கூடுகளில் தேனீக்களைக் கொண்டுவந்து வட தீவின் ஹோக்கியங்கா துறைமுகத்தை அடுத்த மாங்குங்குவில் இறக்கினார். 1840-களில் வில்லியம் சார்லஸ் காட்டன் என்ற மதகுரு குடியேறிகளுக்கும் மாவோரி மக்களுக்கும் தேனீ வளர்ப்பைக் கற்பித்து, 1848-இல் அதற்கென ஒரு கையேட்டையும் வெளியிட்டார். கூட்டை அழிக்காமல் அடையை மட்டும் வெளியே எடுக்க உதவும் சட்டப்பெட்டிகளை 1870-களின் இறுதியிலிருந்து ஐசக் ஹாப்கின்ஸ் பரப்பிய பின்னரே தேன் பெருந்தொழிலாயிற்று.

அத்தொழிலுக்கு மானுக்கா ஒரு தொல்லையாகவே இருந்தது. பிற தேன்களை எடுக்கும்போது, அடையின் மெழுகு மூடியைச் சீவிவிட்டுச் சுழல் இயந்திரத்தில் வைத்தால் தேன் தெறித்து வழிந்துவிடும். மானுக்காத் தேனோ அறைகளுக்குள் கூழாக உறைந்து நின்று அசையாது. அதிலுள்ள ஒருவகைப் புரதத்தால், அசைக்காதபோது கெட்டியாகவும் கலக்கும்போது இளகியும் நிற்கும் இப்பண்புக்குத் திக்ஸோட்ரோப்பி என்று பெயர். அடையின் ஒவ்வோர் அறையிலும் ஊசிமுனைகளைச் செருகிக் கிளறிய பின்னரே அதைச் சுழற்ற முடியும். இல்லையேல் அடையோடு பிழிய வேண்டும். நிறம் அடர்ந்தும் சுவை சற்றுக் கசந்தும் இருந்த இத்தேனுக்கு, வெளிர்நிறமான கிளோவர்த் தேனை விரும்பிய சந்தையில் தாழ்ந்த விலையே கிடைத்தது.

இந்நிலையை மாற்றியவர் வைக்காட்டோ பல்கலைக்கழகத்தின் உயிர்வேதியியலாளர் பீட்டர் மோலன். 1980-களின் தொடக்கத்தில் அவர் கையாண்ட சோதனை கண்ணால் பார்த்துப் புரிந்துகொள்ளத்தக்கது: கடற்பாசிக் கூழாகிய அகாரைத் தட்டில் உறையவைத்து, அதில் ஸ்டஃபிலோகாக்கஸ் ஆரியஸ் என்ற புண் கிருமியை வளரவிட்டு, நடுவே வெட்டிய சிறு குழியில் தேன் கரைசலை ஊற்றினால், தேன் பரவிய இடத்தில் கிருமி வளராமல் ஒரு தெளிந்த வளையம் தோன்றும், அவ்வளையத்தின் அகலமே தேனின் வலிமைக்கு அளவு. பொதுவாகத் தேனின் கிருமி எதிர்ப்பு, தேனீ சேர்க்கும் ஒரு நொதியால் உண்டாகும் ஹைட்ரஜன் பெராக்ஸைடிலிருந்து வருவது. அப்பெராக்ஸைடைச் சிதைக்கும் கேட்டலேஸ் என்ற நொதியைச் சேர்த்தபோது மற்றத் தேன்கள் பெரும்பாலும் வலிமையிழந்தன. மானுக்காத் தேன்கள் சில இழக்கவில்லை. 1991-இல் வெளிவந்த ஆய்வில் 345 தேன் மாதிரிகள் இவ்வாறு சோதிக்கப்பட்டன. மானுக்கா என்ற பெயர்தாங்கிய தேன் எல்லாவற்றிலும் இவ்வலிமை இல்லை என்பதும் அதில் தெளிவாயிற்று. வேறுபாட்டைக் காட்ட, கிருமிநாசினியான ஃபீனாலின் எத்தனை விழுக்காட்டுக் கரைசலுக்கு இத்தேன் சமம் என்று கணக்கிட்டு, அந்த எண்ணையே சீட்டில் அச்சிடும் யூஎம்எஃப் என்ற தரக்குறியீடு உருவாயிற்று.

காரணப்பொருள் இன்னதென்று தெரியாமலேயே கால் நூற்றாண்டு வணிகம் நடந்தது. 2008-இல் ஜெர்மனியின் டிரெஸ்டன் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் தாமஸ் ஹென்லேயின் குழுவும், தனியே வைக்காட்டோவின் குழுவும் அப்பொருள் மெத்தில்கிளையாக்ஸால் என்று வெளியிட்டன. பிற தேன்களில் கிலோவுக்குச் சில மில்லிகிராம் அளவே காணப்படும் இது மானுக்காவில் பல நூறு மில்லிகிராம் வரை இருந்தது. மறு ஆண்டில் அதன் பிறப்பிடமும் தெரிந்தது: மானுக்காப் பூவின் மதுவிலுள்ள டைஹைட்ராக்ஸி அசிட்டோன் என்ற சேர்மம், தேன் பெட்டிக்குள் வந்தபின் மெல்ல மெல்ல மெத்தில்கிளையாக்ஸாலாக மாறுகிறது. எனவே அன்று எடுத்த தேனைவிடச் சில மாதம் இருப்பில் வைத்த தேன் வலிமை மிக்கது. ஆனால் அவசரப்பட்டுச் சூடேற்றினால் தேன் கெடும்.

மருத்துவப் பயன் குறித்துச் சான்றுகள் சொல்வது விளம்பரம் சொல்வதைவிடக் குறைவு. கிருமிநீக்கம் செய்த மானுக்காத் தேன் பூசிய புண்கட்டு ஒன்றுக்கு 2007-இல் அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் அனுமதி அளித்தது. பல ஆய்வுகளைத் தொகுத்து மதிப்பிட்ட 2015-ஆம் ஆண்டுக் காக்ரேன் மதிப்பாய்வு, மேலோட்டமான தீக்காயங்களும் அறுவைக்குப் பின் சீழ்வைத்த புண்களும் தேனால் விரைந்து ஆறக்கூடும் என்றும், பிற புண்வகைகளுக்குப் போதிய சான்று இல்லை என்றும் கூறியது. அம்மதிப்பாய்வு தேனைப் பற்றியதேயன்றி மானுக்காவை மட்டும் பற்றியதன்று. புண்ணில் தடவிக் கண்ட பயனை, உண்பதால் வரும் பயனாகக் காட்டும் விற்பனை உத்திக்கு இவை ஆதாரமாகா.

விலை ஏறியதும் போலி பெருகியது. விளைவதைவிடப் பன்மடங்கு 'மானுக்காத் தேன்' உலகில் விற்கப்படுகிறது என்று நியூசிலாந்துத் தொழில்துறையினரே கூறத் தொடங்கிய நிலையில், அந்நாட்டு முதன்மைத் தொழில் அமைச்சகம் ஏற்றுமதித் தேனுக்கு ஓர் அறிவியல் வரையறையை வகுத்து 2018 பிப்ரவரியில் நடைமுறைப்படுத்தியது. மதுவிலிருந்து வரும் நான்கு வேதிப்பொருள்களும், மகரந்தத்திலிருந்து வரும் மானுக்கா டிஎன்ஏவும் குறித்த அளவில் இருக்க வேண்டும். ஒருமலர்த் தேன் எனப்பட அவற்றுள் ஒன்றான 3-ஃபீனைல்லாக்டிக் அமிலம் கிலோவுக்கு 400 மில்லிகிராமுக்குக் குறையக்கூடாது. கண்ணுக்கு ஒன்றாகத் தோன்றிய மானுக்கா, கானுக்கா மகரந்தங்களை டிஎன்ஏ பிரித்துக் காட்டியது. இத்தேனுக்குப் புகழ் தேடித்தந்த மெத்தில்கிளையாக்ஸால் இவ்வரையறையில் இடம்பெறவில்லை என்பது முரணாகத் தோன்றினும் காரணமுடையது. அது புறத்தேயிருந்து கலக்கக்கூடிய பொருளாதலால் அடையாளச் சான்றாக அதை நம்ப இயலாது.

எஞ்சியது பெயருக்கான வழக்கு. இதே சிற்றினம் ஆஸ்திரேலியாவின் தென்கிழக்கிலும் டாஸ்மேனியாவிலும் இயல்பாக வளர்வதால், அங்குள்ள தேனீ வளர்ப்போர் தாமும் அப்பெயருக்கு உரியவர் என்கின்றனர். மானுக்கா மாவோரிச் சொல் என்பதும், மாவோரி மரபில் செடியும் பெயரும் 'தாவோங்கா', அதாவது காத்துப் போற்றத்தக்க செல்வம் என்பதும் நியூசிலாந்துத் தரப்பின் வாதம். சான்றுக்குறியாகப் பதிவு செய்யக் கோரிய விண்ணப்பம் பிரிட்டனில் 2021-இலும் நியூசிலாந்திலேயே 2023-இலும் நிராகரிக்கப்பட்டது. அப்பெயர் ஒரு நாட்டுத் தேனை மட்டும் பிரித்துக்காட்டும் குறியன்று, தேனின் வகையைச் சொல்லும் சொல்லே என்பது முடிவு.

உள்நாட்டிலும் உரிமைக் கேள்வி வேறொரு வடிவில் எழுந்தது. வட தீவின் கிழக்குக் கரையில் மேய்ச்சலுக்கு உதவாதவை என்று விடப்பட்ட செங்குத்தான நிலங்கள் பல மாவோரிக் குடிகளின் கூட்டுடைமை. மானுக்கா மண்டியிருந்த அந்நிலத்தில் பெட்டி வைக்கத் தேனீக்காரர் முன்பு ஆண்டுக்குச் சில டப்பா தேன் கொடுத்தால் போதுமாயிருந்தது. விலை ஏறிய பின் விளைச்சலில் பங்கு என்று ஒப்பந்தங்கள் எழுதப்பட்டன. ஆனால் தேனீ இரண்டு மூன்று கிலோமீட்டர் பறந்து இரைதேடும் உயிர். பங்கு தர மனமில்லாதவர் அடுத்த நிலத்து வேலியோரம் பெட்டிகளை வரிசையாக அடுக்கினார்கள், வேலிக்கு அப்பால் பூத்த மானுக்காவின் மது வேலிக்கு இப்பால் தேனாயிற்று.