கிரகணத்தன்று பிறந்த குதிரையும் அதை வளர்த்த கோமகனும்



போன வாரம் கால்நடை மருத்துவம் படித்துவிட்டு இங்கிலாந்து போயிருக்கும் நம் பழைய மாணவி ஒருத்தி வாட்ஸ்அப்பில் ஒரு படம் அனுப்பியிருந்தாள். ஒரு குதிரையின் எலும்புக்கூடு. "சார், இதுதான் எக்லிப்ஸ். இங்கே ராயல் கால்நடை மருத்துவக் கல்லூரியில் வைத்திருக்கிறார்கள். இதை வளர்த்த டியூக் பெரிய படைத்தளபதியாமே? அவர் கதையைச் சொல்லுங்க. மொத்தத்தில் அவர் நல்லவரா, கெட்டவரா?" என்று கேட்டிருந்தாள்.

அந்த 'மொத்தத்தில்' என்ற வார்த்தை என்னைச் சுருக்கென்று குத்திவிட்டது. ஏன் என்று கடைசியில் சொல்கிறேன். முதலில் கதை.

கம்பர்லாந்து கோமகன் வில்லியம் அகஸ்டஸ், இங்கிலாந்து மன்னர் இரண்டாம் ஜார்ஜின் இளைய மகன். பிறந்தது 1721 ஏப்ரல் 15. மூத்தவன் பிரெடரிக்கைப் பெற்றோருக்குப் பிடிக்காது. வில்லியம்தான் செல்லப்பிள்ளை. ஐந்து வயதிலேயே கோமகன் பட்டம். 1743-இல் ஜெர்மனியில் டெட்டிங்கன் போரில் தந்தையோடு களத்தில் நின்றார். போர்க்களத்தில் தானே படைநடத்திய கடைசி பிரிட்டிஷ் மன்னர் அந்தத் தந்தைதான். மகனுக்கு அன்று காலில் குண்டு பாய்ந்தது. அந்தப் புண் ஆயுள் முழுக்க ஆறவில்லை. கோழை என்று அவரை யாரும் சொல்ல முடியாது. அதை முதலில் எழுதிவிட வேண்டும்.

1745-இல் ஃபோன்ட்டனாய் போரில் பிரெஞ்சுப் படையிடம் தோற்றார். அதே ஆண்டு உள்நாட்டிலேயே நெருப்புப் பற்றியது. 1688-இல் அரியணையை இழந்த இரண்டாம் ஜேம்ஸின் பேரன் சார்லஸ் எட்வர்ட் ஸ்டூவர்ட், ஸ்காட்லாந்தில் வந்து இறங்கி, 'அரியணை எங்களுடையது' என்று படை திரட்டினார். அவரை ஆதரித்தவர்களை ஜேக்கபைட்டுகள் என்பார்கள். மலைநாட்டுக் குலங்கள் பல அவர் பின்னால் நின்றன. லண்டனுக்கு இருநூறு கிலோமீட்டர் தொலைவிலுள்ள டார்பி வரை வந்துவிட்டு, அந்தப் படை திரும்பி வடக்கே போனது. துரத்திச் செல்லும் பொறுப்பு கம்பர்லாந்துக்கு.

1746 ஏப்ரல் 15 அவருடைய 25-ஆவது பிறந்தநாள். முகாமில் சிப்பாய்களுக்குப் பிராந்தி கொடுத்துக் கொண்டாடினார்கள். எதிரி குடித்துக் கிடப்பான், இரவோடு இரவாகத் தாக்கலாம் என்று ஜேக்கபைட்டுகள் கிளம்பினார்கள். ஆனால் போய்ச் சேருமுன்பே விடியத் தொடங்கியது. பசியும் தூக்கமின்மையுமாகத் திரும்பி நடந்தார்கள். அந்த நிலையில்தான் மறுநாள் கல்லோடன் என்ற சதுப்பு வெளியில் 8,000 பேர் அளவிலான அரசுப் படையை எதிர்கொண்டார்கள்.  ஒரு மணி நேரத்துக்குள் எல்லாம் முடிந்துவிட்டது. ஜேக்கபைட்டுகள் பக்கம் செத்தவர்களும் காயம்பட்டவர்களும் 1,500 முதல் 2,000 பேர். அரசுப் படையில் இறந்தவர்கள் ஏறக்குறைய 50.

இதுவரை நடந்தது போர். அதற்கப்புறம் நடந்ததுதான் அவர் பெயரில் ஒட்டிக்கொண்டது. களத்தில் காயம்பட்டுக் கிடந்தவர்களைக் கொன்றார்கள். மலைநாட்டுக் கிராமங்களில் வீடுகளுக்குத் தீ வைத்தார்கள். ஆடு மாடுகளை ஓட்டிக்கொண்டு போனார்கள். ஆடு மாடுதானே அந்த மக்களுக்குச் சோறு? 3,000 பேருக்கு மேல் சிறைப்பட்டார்கள்; ஏராளமானோர் கடல் கடத்தப்பட்டார்கள். மலைநாட்டு ஆண்கள் தங்கள் கட்டம்போட்ட பாரம்பரிய உடையை உடுத்தவே கூடாது என்று சட்டம் வந்தது. மீறினால் ஆறு மாதம் சிறை, இரண்டாம் முறை ஏழு ஆண்டு நாடுகடத்தல். அந்தத் தடை 1782 வரை நீடித்தது.

லண்டனில் அவருக்கு வீர வரவேற்பு. இசைமேதை ஹாண்டல் அவர் வெற்றிக்காகவே 'யூதாஸ் மக்கபேயஸ்' என்ற படைப்பை உருவாக்கினார். ஆனால் அதே லண்டனில், ஏதாவதொரு தொழிற்சங்கத்தில் அவருக்குக் கௌரவ உறுப்பினர் பதவி தரலாம் என்ற பேச்சு வந்தபோது, 'அப்படியென்றால் கசாப்புக்காரர் சங்கத்தில் கொடுங்கள்' என்று நகரசபைக்காரர் ஒருவர் சொன்னாராம். 'கசாப்புக்கார கம்பர்லாந்து' என்ற பெயர் நிலைத்துவிட்டது.

அதற்குப் பிறகு அவர் எந்தப் பெரிய போரிலும் ஜெயிக்கவில்லை. 1757-இல் ஹாஸ்டன்பெக்கில் பிரெஞ்சுக்காரர்களிடம் தோற்று, குளோஸ்டர்செவன் என்ற இடத்தில் ஓர் உடன்படிக்கையில் கையெழுத்திட்டார். தந்தை அதை ஏற்கவில்லை. அரசவையில் பலர் முன்னிலையில், தன்னையும் கெடுத்துத் தானும் கெட்டவன் இவன் என்று பொருள்படப் பேசினார். செல்லப்பிள்ளைக்கு அது தாங்கவில்லை. ராணுவப் பதவிகள் அனைத்தையும் துறந்துவிட்டு வின்ட்சர் பெரும் பூங்காவுக்குப் போய்விட்டார். அங்கே அவருக்கு ஒரு குதிரைப் பண்ணை இருந்தது.

இங்கேதான் கதை திரும்புகிறது. அந்த அவமானத்துக்கு அடுத்த ஆண்டு, 1758-இல், பண்ணையில் ஓர் ஆண் குட்டி பிறந்தது. அதற்கு 'கிங் ஹெரோட்' என்று பெயர் வைத்தார். பைபிளில் பச்சிளம் குழந்தைகளைக் கொல்லச் சொன்ன ஏரோது மன்னனின் பெயர்! ஏன் அந்தப் பெயரோ, போகட்டும். அது சிறந்த பந்தயக் குதிரையானது.

1764 ஏப்ரல் முதல் தேதி சூரிய கிரகணம். அன்று இன்னொரு ஆண் குட்டி பிறந்தது. 'எக்லிப்ஸ்', அதாவது கிரகணம், என்று பெயரிட்டார்கள். நம் ஊராக இருந்தால் கிரகணத்தில் பிறந்ததை யாரும் விலைக்குக்கூடக் கேட்டிருக்க மாட்டார்கள்! தகப்பன் மார்ஸ்க் அப்படியொன்றும் பேர்போன குதிரை அல்ல. வேறொரு குதிரையைக் கொடுத்து மாற்றிக்கொண்டது. தாய் ஸ்பில்லெட்டா ஓடியதே ஒரு பந்தயத்தில், அதிலும் தோல்வி.

அந்தக் குட்டி ஓடுவதைக் கோமகன் பார்க்கவே இல்லை. பருத்த உடலும் ஆறாத காலுமாக இருந்தவர், 1765 அக்டோபர் 31 அன்று இறந்துபோனார். வயது 44. திருமணம் ஆகவில்லை, வாரிசு இல்லை. பண்ணையை ஏலம் போட்டார்கள். எக்லிப்ஸை 75 கினிக்கு வாங்கியவர் வில்லியம் வைல்ட்மன். அவர் தொழில் என்ன தெரியுமா? லண்டன் ஸ்மித்ஃபீல்ட் சந்தையில் இறைச்சி வியாபாரம். தகப்பன் குதிரை மார்ஸ்க் அதைவிட அடிமாட்டு விலைக்குப் போனது.

1769 மே 3 அன்று எப்சமில் எக்லிப்ஸ் முதல் பந்தயம் ஓடியது. அந்தக் காலத்தில் நான்கு மைல் சுற்றுகளை ஒரே நாளில் திரும்பத் திரும்ப ஓடவேண்டும். வென்ற குதிரைக்கு 240 கஜத்துக்கு மேல் பின்தங்கியவை கணக்கிலேயே வராது. டென்னிஸ் ஓ'கெல்லி என்ற ஐரிஷ்காரர், கடனுக்காகச் சிறை கண்டவர், எக்லிப்ஸ் முதலிடம், மற்றவைக்கு இடமே கிடையாது என்று பந்தயம் கட்டினார். அப்படியே நடந்தது. பிறகு குதிரையையே இரண்டு தவணையாக, 650 கினியும் 1,100 கினியும் கொடுத்து வாங்கிக்கொண்டார். 18 பந்தயங்கள், ஒன்றில்கூடத் தோல்வியில்லை. எதிர்த்து ஓட ஆள் வராததால் 1770-இல் ஓய்வு கொடுத்தார்கள்.

1789-இல் எக்லிப்ஸ் இறந்தபோது, இந்த வேகம் எங்கிருந்து வந்தது என்று அறிய, சேன்பெல் என்ற பிரெஞ்சு மருத்துவர் உடலை அறுத்து அளந்து எழுதினார். 1791-இல் லண்டனில் கால்நடை மருத்துவக் கல்லூரி தொடங்கியபோது முதல் பேராசிரியர் அவரே. நம் மாணவி நின்று படம் எடுத்தது அந்தக் கல்லூரியின் இன்றைய வடிவத்தில்தான். இன்று உலகில் ஓடும் உயர் ரகப் பந்தயக் குதிரைகளில் மிகப் பெரும்பாலானவற்றின் தந்தைவழி எக்லிப்ஸிடம் போய் நிற்கிறது. 1780-இல் நடந்த முதல் டார்பி பந்தயத்தை வென்ற டயமெட், ஹெரோட்டின் பேரன். நம் கிண்டியில் ஓடிய குதிரைகளின் பரம்பரையிலும் அந்த வின்ட்சர் பண்ணை இருக்கிறது.

கோமகனுக்கு 1770-இல் லண்டன் கேவண்டிஷ் சதுக்கத்தில் குதிரைமேல் அமர்ந்த சிலை வைத்தார்கள். 1868-இல் அதை எடுத்துவிட்டார்கள். பீடம் மட்டும் வெறுமனே நின்றது.

இனி, அந்த 'மொத்தத்தில்'.

என்னிடம் படித்தவர்களுக்கு ஞாபகம் இருக்கும். பெருவினாவின் கடைசியில் "மொத்தத்தில் இவர் ஒரு சிறந்த..." என்றோ "மொத்தத்தில் இவர் ஒரு கொடிய..." என்றோ ஒரு வரி எழுதினால்தான் முழு மதிப்பெண் என்று கண்டிப்பாகச் சொல்வேன். ஒருமுறை டல்ஹவுசி பற்றிய கேள்விக்கு ஒரு பையன் எல்லாம் எழுதிவிட்டு அந்த வரியை மட்டும் எழுதவில்லை. கூப்பிட்டுக் கேட்டேன். "ரயில் விட்டதும் அவர்தான், வாரிசில்லாத ராஜாக்களின் நாட்டைப் பிடுங்கினதும் அவர்தான். இதை எப்படி சார் கூட்டுறது?" என்றான். எதிர்த்துப் பேசுகிறான் என்று ஒரு மதிப்பெண்ணைக் குறைத்தேன். வகுப்பு சிரித்தது. அவன் தலைகுனிந்து போய் உட்கார்ந்தது இப்போதும் கண்ணில் நிற்கிறது.

அவன் சொன்னதுதான் சரி. கல்லோடனில் காயத்தோடு கிடந்து கொல்லப்பட்டவனின் குடும்பத்துக்கு எக்லிப்ஸ் 18 பந்தயம் ஜெயித்ததால் என்ன ஆறுதல்? அந்தக் குதிரையைக் காட்டிக் கல்லோடனைக் கழிக்க முடியாது. கல்லோடனைக் காட்டி அவர் குதிரை வளர்த்த திறமையை இல்லை என்றும் சொல்ல முடியாது. வரலாற்றில் சில கணக்குகளுக்குக் கூட்டுத்தொகை கிடையாது. இரண்டு பக்கத்தையும் முழுதாக எழுதிவிட்டுப் பேனாவை மூடிவிட வேண்டும்.

ஆகவே, மகளே, உன் கேள்விக்கு என் பதில் இதுதான்: மேலே எழுதிய அத்தனையும். 'மொத்தத்தில்' வரி கிடையாது.

அந்தப் பையனும் இந்தப் பக்கத்தில் இருக்கிறான் என்று நினைக்கிறேன். இப்போது அவன் தலையிலும் நரை விழுந்திருக்கும். தம்பி, அந்த ஒரு மதிப்பெண்ணை இன்று போட்டுவிட்டேன். உன் வாத்தியாரை மன்னித்துவிடு.

எல்லோரும் நலமாக இருங்கள். படித்தவர்கள் ஒரு வரி எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் வரலாற்று வாத்தியார்